தொண்டை வலி, நெறி, உள்ளங்கையில் கொப்புளம்: குரங்கம்மை என்று எப்போது சந்தேகப்பட வேண்டும்?

கேள்வி: டாக்டர், நாங்கள் பட்டுக்கோட்டைப் பக்கம். என் கணவர் சார்ஜாவில் வேலை பார்க்கிறார். லீவில் ஊருக்கு வந்து ஒன்பது நாள் ஆகிறது. வந்த நான்காம் நாள் காய்ச்சலும் தொண்டை வலியும் ஆரம்பித்தன. எச்சில்கூட முழுங்க முடியவில்லை என்கிறார். கழுத்தில் இரண்டு பக்கமும் நெறி கட்டியிருக்கிறது. மெடிக்கலில் சொல்லி அமாக்ஸிசிலின் வாங்கிச் சாப்பிட்டார், குறையவில்லை. மூன்று நாளாக உதட்டோரம் ஒன்று, உள்ளங்கையில் இரண்டு, முழங்கையில் ஒன்று என்று கொப்புளம் வந்திருக்கிறது. உள்ளாடை படும் இடத்திலும் வலி என்கிறார், ஆனால் காட்ட மறுக்கிறார். மாமியார் "அம்மை போட்டிருக்கு, ஆஸ்பத்திரிக்குப் போகக் கூடாது" என்று வேப்பிலை செருகிவிட்டார். ஆனால் இவருக்குச் சின்ன வயதிலேயே சின்னம்மை வந்து போய்விட்டதாம். அங்கே இவரோடு அறையில் தங்கியிருக்கும் நண்பர், "குரங்கம்மையாக இருக்கப்போகுது, பார்த்துக்கோ" என்று போனில் சொன்னதிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை. எங்களுக்கு நான்கு வயதில் ஒரு பையன். இன்னும் மூன்று வாரத்தில் இவர் திரும்பிப் போக டிக்கெட் போட்டாச்சு. இது என்ன நோய் என்று எப்படித் தெரிந்துகொள்வது?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அன்புச் சகோதரிக்கு,

செய்ய வேண்டியதை முதலில் சொல்லிவிடுகிறேன், விளக்கம் பிறகு. உங்கள் கணவரை இன்றே மருத்துவமனைக்கு அழைத்துப் போங்கள். தஞ்சாவூர் மருத்துவக் கல்லூரி மருத்துவமனை உங்களுக்கு எட்டும் தூரம்தான். தோல் மருத்துவர், தொண்டை மருத்துவர் இருவரும் அங்கே இருப்பார்கள். கிளம்பும் முன் 104 எண்ணுக்குப் போன் செய்து, "வெளிநாட்டிலிருந்து வந்தவர், காய்ச்சல், நெறி, கொப்புளம் மூன்றும் இருக்கிறது" என்று சொல்லி, நேராக எந்தப் பிரிவுக்குப் போக வேண்டும் என்று கேட்டுக்கொள்ளுங்கள். பஸ்ஸில் போக வேண்டாம். அவர் முகக்கவசம் போட்டு, முழுக்கைச் சட்டை அணிந்து, கொப்புளங்களைச் சுத்தமான துணியால் மூடிக்கொண்டு வரட்டும். ஓ.பி. சீட்டு வரிசையில் போய் நிற்காமல், வாசலில் இருக்கும் செவிலியரிடம் முதலிலேயே விஷயத்தைச் சொல்லிவிடுங்கள். தனியாக உட்காரவைப்பார்கள்.

எச்சிலையே விழுங்க முடியாமல் வாயோரம் வழியவிடுகிறார், வாயைத் திறக்க முடியவில்லை, குரல் அடைத்து மாறிவிட்டது, மூச்சு விடும்போது சத்தம் வருகிறது, படுத்தால் மூச்சு முட்டுகிறது – இதில் ஏதாவது ஒன்று தெரிந்தாலும் 104 வேண்டாம், 108ஐக் கூப்பிடுங்கள். டான்சிலைச் சுற்றிச் சீழ் கட்டினாலோ, மூச்சுக்குழாய் வாசலில் வீக்கம் வந்தாலோ இப்படி ஆகும். அதற்குக் காரணம் குரங்கம்மையா வேறு கிருமியா என்பதையெல்லாம் பிறகு பார்க்கலாம். மூச்சுப்பாதையைக் காப்பாற்றுவதுதான் முதல் வேலை.

இனி உங்கள் கேள்வி. கடிதத்தைப் படித்துவிட்டு "இது குரங்கம்மைதான்" என்றோ "இல்லவே இல்லை" என்றோ நான் சொன்னால் அது பொறுப்பில்லாத பேச்சு. ஆனால் சந்தேகப்பட்டுச் சோதிக்க வேண்டிய அத்தனை விவரமும் உங்கள் கடிதத்தில் இருக்கிறது. நோய் பரவியுள்ள நாட்டிலிருந்து வந்து 21 நாளுக்குள் காரணம் தெரியாத கொப்புளம், கூடவே காய்ச்சல், நெறி, உடல்வலி, கடும் சோர்வு இவற்றில் ஒன்று இருந்தால் சந்தேக நோயாளியாக எடுத்துக்கொள்ளும்படி மத்திய சுகாதார அமைச்சகத்தின் வழிகாட்டுதல் சொல்கிறது. கிருமி உள்ளே போன நாளிலிருந்து அதிகபட்சம் 21 நாளுக்குள் நோய் வெளிப்பட்டுவிடும் என்பதால்தான் அந்தக் கணக்கு. வளைகுடாத் தொடர்பும் புதிதில்லை. இந்தியாவில் முதன்முதலாக 2022 ஜூலையில் கொல்லத்தில் குரங்கம்மை உறுதியானவர் ஐக்கிய அரபு எமிரேட்ஸிலிருந்து திரும்பியவர். அதே மாதக் கடைசியில் திருச்சூர் மாவட்டத்தில் இறந்த 22 வயது இளைஞரும் அங்கிருந்து வந்தவரே. 2024 செப்டம்பரில் மலப்புரத்தில் புதிய ‘1பி’ வகைக் கிருமி கண்டுபிடிக்கப்பட்டதும் எமிரேட்ஸிலிருந்து வந்த ஒருவரிடம்தான். உலக சுகாதார நிறுவனம் தன் அவசரநிலை அறிவிப்பை 2025 செப்டம்பரில் விலக்கிக்கொண்டது உண்மை. அதனால் கிருமி ஊரைவிட்டுப் போய்விட்டது என்று ஆகாது.

ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்கிறேன். இந்த நோயில் பலரும் தொண்டைக்கு ஒரு டாக்டர், தோலுக்கு ஒரு டாக்டர் என்று தனித்தனியாகப் போய்விடுகிறார்கள். தொண்டை பார்ப்பவரிடம் கொப்புளத்தைச் சொல்வதில்லை, தோல் பார்ப்பவரிடம் தொண்டை வலியைச் சொல்வதில்லை. இரண்டு பேரும் ஆளுக்கொரு மருந்து எழுதிக் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். தொண்டை, நெறி, கொப்புளம், மறைவிடத்து வலி, பயணம் இந்த ஐந்தையும் ஒரே மருத்துவரிடம், எது எந்த நாளில் வந்தது என்ற வரிசையோடு சொன்னால்தான் நோய் பிடிபடும். நீங்கள் எனக்கு எழுதிய கடிதத்தில் அந்த வரிசை அழகாக இருக்கிறது. அதையே ஒரு தாளில் எழுதி எடுத்துப் போங்கள்.

முதலில் தொண்டை. சளிக்காய்ச்சலில் வரும் தொண்டை வலிக்கு மூக்கொழுகல், தும்மல், இருமல் துணைக்கு இருக்கும். நான்கைந்து நாளில் தானாகத் தணியும். பாக்டீரியாவால் வரும் டான்சில் அழற்சியில் இருமல் இருக்காது, காய்ச்சல் கடுமையாக இருக்கும், டான்சில் மேல் வெள்ளையாகப் படியும், கழுத்தில் நெறியும் கட்டும். பார்வைக்கு இது குரங்கம்மைத் தொண்டை போலவே இருக்கும். ஆனால் சரியான ஆன்டிபயாடிக் உள்ளே போனால் இரண்டு மூன்று நாளில் வலி இறங்கத் தொடங்கிவிடும். உங்கள் கணவருக்கு இறங்கவில்லை என்பது கவனிக்க வேண்டிய விஷயம்.

குரங்கம்மையில் கிருமி வாய்க்குள்ளும் தொண்டைக்குள்ளும் புண்ணை உண்டாக்கும். பல நேரம் தோலில் எதுவும் தெரிவதற்கு முன்பே நாக்கிலும் வாயின் உட்புறத்திலும் புண் வந்துவிடும். நல்ல வெளிச்சத்தில் பார்த்தால் டான்சில் சிவந்து வீங்கியிருக்கும், சிலருக்கு ஒரு பக்கம் மட்டும் கூடுதலாக. டான்சில் மேலோ, அண்ணத்திலோ, நாக்கு ஓரத்திலோ, உதட்டின் உட்புறத்திலோ விளிம்பு தெளிவான வட்டப் புண்கள், நடுவில் வெள்ளை அல்லது மஞ்சள் படிவு, சுற்றிலும் சிவப்பு. கண்ணுக்குத் தெரியும் புண்ணைவிட வலி பல மடங்கு இருப்பதாக நோயாளிகள் சொல்வார்கள். தண்ணீர் குடிக்கவே பயப்படுவார்கள். 2022இல் லண்டனில் 197 நோயாளிகளைப் பார்த்த மருத்துவர்கள், ஒற்றைக் கொப்புளத்தையும் டான்சில் வீக்கத்தையும் இந்த நோயின் அடையாளமாக அதுவரை யாரும் எதிர்பார்க்கவில்லை என்று எழுதினார்கள். டான்சில் என்று சிகிச்சை எடுத்துக்கொண்டிருக்கும் ஒருவருக்கு அடியில் இந்த நோய் இருக்கலாம் என்ற எண்ணம் மருத்துவர்களுக்கே அதன் பிறகுதான் வந்தது.

நெறி மிக முக்கியம். நம் வீடுகளில் காலில் முள் குத்தினாலும் தொடை இடுக்கில் நெறி கட்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். கிருமி நுழைந்த இடத்துக்குப் பக்கத்தில் இருக்கும் நிணநீர்க் கணு வீங்குவதுதான் நெறி. குரங்கம்மையில் தாடைக்குக் கீழும் கழுத்திலும் அக்குளிலும் தொடை இடுக்கிலும் தொட்டால் வலிக்கும்படி கட்டும். ஒரு பக்கமும் கட்டலாம், இரு பக்கமும் கட்டலாம். சின்னம்மையில் இந்த அளவுக்கு நெறி கட்டுவது குறைவு. பழைய பெரியம்மையில்கூட இது பெரிதாக இருந்ததில்லை. அதனால்தான் மருத்துவர் உங்கள் கணவரின் கழுத்தோடு நிறுத்தாமல் அக்குளையும் தொடை இடுக்கையும் தொட்டுப் பார்ப்பார்.

அடுத்து தோல். குரங்கம்மைக் கொப்புளம் ஒரே நாளில் கொப்புளமாக வந்துவிடாது. முதலில் தட்டையான சிவப்புப் புள்ளி. ஓரிரு நாளில் அது மேடாகும். இன்னும் ஓரிரு நாளில் உள்ளே நீர் கோக்கும். பிறகு நீர் கலங்கிச் சீழ் நிறமாகி, ஐந்தாறு நாள் அப்படியே நிற்கும். அந்தக் கட்டத்தில் நடுவில் ஒரு சிறு குழி விழும். கடைசியில் பொருக்குத் தட்டி, அது உதிர்ந்து, கீழே புதுத்தோல் வர இன்னும் ஒன்றிரண்டு வாரம் ஆகும். மொத்தம் இரண்டு முதல் நான்கு வாரம். உங்கள் கணவருக்கு இன்று மூன்றாம் நாள் என்றால் கொப்புளங்கள் மேடாகவோ நீர் கோத்தோ இருக்க வேண்டும். நடுக்குழி இன்னும் தெரியாமல் இருக்கலாம். குழி இல்லையே என்று ஆறுதல் அடைந்துவிடாதீர்கள்.

கையுறை போட்ட விரலால் அழுத்திப் பார்க்கும்போது எனக்கு உதவும் அடையாளம் ஒன்று உண்டு. சின்னம்மைக் கொப்புளம் மெல்லிய தோலோடு மேலாக நிற்கும், லேசாகத் தேய்த்தாலே உடையும். குரங்கம்மைக் கொப்புளம் ஆழத்திலிருந்து வரும். தோலுக்குள் ஒரு பயறு புதைந்திருப்பது போல, விளிம்பு தெளிவாக, இறுக்கமாக இருக்கும். இதை நீங்கள் வீட்டில் சோதிக்க வேண்டாம், வெறுங்கையால் தொடவே கூடாது. நீங்கள் செய்யக்கூடியது வேறு: தினமும் ஒரே வெளிச்சத்தில், பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயம் வைத்து, கொப்புளத்தை போனில் படம் எடுத்து வையுங்கள். மூன்று நாள் படத்தை வரிசையாகப் பார்த்தால் மருத்துவருக்குப் பாதி விடை கிடைத்துவிடும்.

"நாலைந்து கொப்புளம்தானே இருக்கிறது, குரங்கம்மை என்றால் உடம்பு முழுக்க அல்லவா வரும்?" என்று பலர் கேட்கிறார்கள். தொலைக்காட்சியில் பார்த்த ஆப்பிரிக்கக் குழந்தைகளின் படங்கள் மனதில் பதிந்துவிட்டதால் வரும் கேள்வி இது. 2022இல் 16 நாடுகளைச் சேர்ந்த 528 நோயாளிகளைப் பற்றி வெளிவந்த ஆய்வில், ஏறத்தாழ மூன்றில் இரண்டு பேருக்குப் பத்துக்கும் குறைவான கொப்புளங்களே இருந்தன. பத்தில் ஒருவருக்குப் பிறப்புறுப்பில் ஒரே ஒரு புண், அவ்வளவுதான். தொண்டை அழற்சி ஐந்தில் ஒருவருக்கு இருந்தது. ஆகவே எண்ணிக்கையை வைத்து முடிவு செய்யாதீர்கள். கொப்புளம் உள்ளங்கையில் வந்திருப்பதும், உதட்டோரத்தில் வந்திருப்பதும், மறைவிடத்தில் வலி இருப்பதும் சேர்ந்துதான் எனக்குச் சந்தேகத்தைக் கூட்டுகிறது.

வேறு என்னவாக இருக்கலாம்? மாமியார் நினைப்பது போல சின்னம்மை இருக்கலாம், ஆனால் வாய்ப்புக் குறைவு. ஒருமுறை வந்துபோனவருக்கு மறுபடி வருவது அபூர்வம். சின்னம்மை மார்பு, முதுகு, முகத்தில் அடர்த்தியாக வரும், கடுமையாக அரிக்கும், ஒரே இடத்தில் புதிதும் பழையதுமாகக் கலந்து கிடக்கும், உள்ளங்கைக்குப் பெரும்பாலும் வராது. அக்கி என்றால் உடம்பின் ஒரு பக்கத்தில் மட்டும், ஒரு பட்டையாக, எரிச்சலோடு வரும். (அக்கி என்று நினைத்துச் செம்மண் பூசி எழுதிவிட்டு வருகிறவர்களுக்குக் கொப்புளத்தின் உருவமே தெரியாமல் போய்விடுகிறது. தயவுசெய்து எதையும் பூசாமல் வாருங்கள்.) குழந்தைகளுக்குக் கை, கால், வாயில் வரும் கொப்புள நோய் ஒன்று உண்டு. 2022இல் கேரளத்தில் ‘தக்காளிக் காய்ச்சல்’ என்று பெரிதாகப் பேசப்பட்டதும் அநேகமாக அதுதான். அது பெரியவர்களுக்கும் ஒட்டும், தொண்டையும் வலிக்கும். ஆனால் கொப்புளங்கள் சிறியவை, சாம்பல் நிறத்தில் நீள்வட்டமாக இருக்கும், ஒரு வாரம் பத்து நாளில் அடங்கிவிடும்.

அமாக்ஸிசிலின் சாப்பிட்ட பிறகு கொப்புளம் வந்ததால் மருந்து ஒவ்வாமையோ என்ற கேள்வியும் நியாயமானது. சுரப்பிக் காய்ச்சல் என்ற வைரஸ் நோயிலும் தொண்டை வலி, நெறி, காய்ச்சல் மூன்றும் உண்டு. அந்த நேரத்தில் அமாக்ஸிசிலின் சாப்பிட்டால் பலருக்கு உடம்பெல்லாம் சிவந்து தடித்துவிடும். ஆனால் அது மார்பிலும் முதுகிலும் பரவலாக, அரிப்போடு வரும் சிவப்பு. எண்ணி நான்கு கொப்புளமாக உள்ளங்கையில் உட்காராது. மாத்திரை அட்டையைக் கையோடு எடுத்துப் போங்கள், தொடர வேண்டுமா நிறுத்த வேண்டுமா என்று மருத்துவர் சொல்வார்.

குரங்கம்மைக்கு மிக நெருக்கமாக வேடம் போடுவது சிபிலிஸ் என்ற பால்வினை நோய். அதன் இரண்டாம் கட்டத்தில் தொண்டையில் புண், உடம்பெங்கும் நெறி, உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் செம்பு நிறத் தடிப்பு எல்லாம் வரும். அதில் வலியோ நீர்க்கொப்புளமோ பொதுவாக இருக்காது. இரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும், பென்சிலின் ஊசியில் குணமாகும். எச்.ஐ.வி. கிருமி புதிதாகத் தொற்றிய வாரங்களிலும் இப்படியே காய்ச்சல், தொண்டை வலி, நெறி, தோல் தடிப்பு வரலாம். அதனால் குரங்கம்மைக்குச் சோதிக்கும்போது இந்த இரண்டுக்கும் சேர்த்துச் சோதிப்பது உலகெங்கும் வழக்கம். அரசு மருத்துவமனையின் நம்பிக்கை மையத்தில் எச்.ஐ.வி. சோதனை இலவசம், ரகசியம் காக்கப்படும். சிகிச்சை பெறாத, முற்றிய எச்.ஐ.வி. உள்ளவர்களுக்குக் குரங்கம்மை உயிருக்கே ஆபத்தாக முடிந்திருக்கிறது. சோதனையை வலியுறுத்துவதற்கு அதுதான் காரணம்.

இதைப் படிக்கும்போது உங்கள் மனதில் எழும் கேள்வி எனக்குப் புரிகிறது, சகோதரி. அண்மை ஆண்டுகளில் இந்நோய் அதிகம் பரவியது உடலுறவின்போது ஏற்படும் நெருக்கத்தில். 2022 அலையில் ஆண்களுக்கிடையிலான உறவில் மிகுதியாகப் பரவியது. 2023இல் காங்கோவின் கமிட்டுகா என்ற சுரங்க ஊரில் ஆண்-பெண் உறவில் பரவி, பிறகு வீடுகளுக்குள் குழந்தைகள்வரை போனது. ஆனால் அது ஒன்றே வழி கிடையாது. கொப்புளம் பட்ட தோலோடு தோல் உரசுவது, முத்தம், முகத்துக்கு முகம் வைத்து நெடுநேரம் இருப்பது, நோயாளியின் போர்வை, துண்டு, உடையைப் பயன்படுத்துவது எல்லாமே வழிதான். ஓர் அறையில் பலர் நெருங்கிப் படுத்து, ஒருவர் துண்டை மற்றவர் எடுத்துத் துடைத்துக்கொள்ளும் தங்குமிடங்களில் தங்கி வேலை செய்கிறவர் அவர். எப்படி வந்தது என்ற விசாரணையை நீங்கள் இப்போது ஆரம்பித்தால், அவர் மறைவிடத்து வலியை மருத்துவரிடமும் மறைத்துவிடுவார். அதில் இழப்பு உங்கள் குடும்பத்துக்குத்தான். மருத்துவர் உங்களை வெளியே இருக்கச் சொல்லிவிட்டு அவரிடம் தனியாகப் பேசுவார், உடையைத் தளர்த்திப் பார்ப்பார். பிறப்புறுப்பிலும் ஆசனவாயிலும் புண் இருக்கிறதா, மலம் கழிக்கும்போது வலி, இரத்தம் உண்டா என்பதெல்லாம் கட்டாயம் தெரிய வேண்டும். "டாக்டர் கேட்டால் எதையும் மறைக்காதீங்க, நான் எதுவும் கேட்க மாட்டேன்" என்று வண்டியில் போகும்போதே ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.

சோதனை எளிது. இரண்டு மூன்று கொப்புளங்களின் மேல் பஞ்சுக் குச்சியை அழுத்தித் தேய்த்து மாதிரி எடுப்பார்கள், தொண்டையிலிருந்தும் எடுப்பார்கள். ஊசியால் குத்தி உடைக்க வேண்டியதில்லை. சென்னை கிண்டியில் உள்ள கிங் நிலையம், புனேயில் உள்ள தேசிய வைராலஜி நிறுவனம் போன்ற ஆய்வகங்களில் பி.சி.ஆர். முறையில் சோதிப்பார்கள். இரத்தத்தில் தேடுவதைவிடக் கொப்புளத்தில் தேடுவதே நம்பகமானது.

மாமியாரைப் பற்றி. அவர் மீது கோபப்பட வேண்டாம். வாசலில் வேப்பிலை செருகி வெளியாளை வரவிடாமல் செய்வதும், நோயாளியைத் தனியே படுக்கவைத்துப் பருத்தித் துணி விரிப்பதும், காரமில்லாத உணவு கொடுப்பதும் நல்ல வழக்கங்கள், அப்படியே இருக்கட்டும். காய்ச்சலுக்கு மாத்திரை கூடாது, டாக்டரிடம் காட்டக் கூடாது என்பதைத்தான் விட வேண்டும். மஞ்சளும் வேப்பிலையும் அரைத்து உடைந்த கொப்புளத்தின் மேல் அப்புவதையும் நிறுத்துங்கள், அதில் வேறு கிருமி ஏறிச் சீழ் பிடிக்கும். தலைக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டால் அம்மை இறங்கிவிட்டது, இனி யாரும் தொடலாம் என்ற கணக்கு இங்கே செல்லாது. கடைசிப் பொருக்கும் உதிர்ந்து புதுத்தோல் மூடும்வரை ஒட்டும். மாமியாரின் தலைமுறைக்குக் கையில் பெரியம்மைத் தடுப்பூசித் தழும்பு இருக்கும். பெரியம்மைக் கிருமியும் இதுவும் ஒரே குடும்பம் என்பதால் அந்த ஊசி இதற்கும் ஓரளவு பாதுகாப்பு தரும். ஆனால் போட்டு ஐம்பது ஆண்டுகளாகிவிட்டன, அதை நம்பி அவர் அஜாக்கிரதையாக இருக்கக் கூடாது. உங்கள் தோளிலும் கணவரின் தோளிலும் இருக்கும் தழும்பு காசநோய்த் தடுப்பூசியுடையது, இதற்கு உதவாது. இந்தியாவில் பெரியம்மை 1975உடன் முடிந்தது, அந்த ஊசியும் சில ஆண்டுகளில் நின்றுபோனது.

மருந்துக் கடையிலிருந்து இனி எதுவும் வாங்காதீர்கள். குறிப்பாக, "ஊறலுக்கு நல்லா கேட்கும்" என்று கொடுக்கும் ஸ்டீராய்டு கலந்த களிம்பும், தொண்டை வீக்கத்துக்கென்று கொடுக்கும் சின்னஞ்சிறு ஸ்டீராய்டு மாத்திரையும் வேண்டவே வேண்டாம். அவை உடம்பின் எதிர்ப்பை அடக்கிக் கிருமியைப் பரவவிடும், கொப்புளத்தின் உருவத்தையும் மாற்றிவிடும். தொண்டை வலிக்கு வெதுவெதுப்பான உப்புத் தண்ணீரில் கொப்பளிக்கட்டும். ஆறிய கஞ்சி, மோர், இளநீர் என்று சிறுகச் சிறுக ஓயாமல் கொடுங்கள். வலிக்குப் பயந்து தண்ணீர் குடிக்காமல் போவதுதான் இந்த நாட்களில் பெரிய ஆபத்து. காய்ச்சலுக்கும் வலிக்கும் மருத்துவர் சொல்லும் அளவில் பாராசிட்டமால். கொப்புளத்தைத் தொட்ட கையால் கண்ணைக் கசக்கக் கூடாது. கண் சிவந்தாலோ கூசினாலோ அன்றே கண் மருத்துவரிடம் போக வேண்டும், கருவிழியில் புண் வந்தால் பார்வை போகும். கொப்புளம் உள்ள இடத்தில் சவரம் வேண்டாம்.

இதற்கென்று தனி மருந்து இல்லையா என்று கேட்பீர்கள். டெகோவிரிமாட் என்ற மருந்தின் மேல் பெரிய நம்பிக்கை இருந்தது. 2024இல் முடிவு வெளியான ஆய்வுகளில் அது கொப்புளம் ஆறும் காலத்தைக் குறைக்கவில்லை. ஆனால் அவற்றில் காங்கோவில் நடந்த ஆய்வில் இன்னொன்று தெரிந்தது: மருந்து பெற்றவர்கள், பெறாதவர்கள் எல்லோரையும் சேர்த்து இறப்பு 1.7 சதவீதம்தான், அந்த நாட்டின் பொதுவான 3.6 சதவீதத்தைவிட நன்றாகக் குறைவு. மருத்துவமனையில் வைத்து நீர்ச்சத்து, உணவு, புண் பராமரிப்பு, இடையில் வரும் வேறு தொற்றுக்குச் சிகிச்சை என்று ஒழுங்காகக் கவனித்ததன் பலன் அது. மாமியாரிடம் சொல்ல வேண்டியதும் இதைத்தான்.

பையனைப் பற்றித்தான் எனக்கும் கவலை. எட்டு வயதுக்குக் கீழ் உள்ள குழந்தைகளுக்கு நோய் கடுமையாகலாம். சோதனை முடிவு வரும்வரை அவன் அப்பாவின் அறைக்குள் போக வேண்டாம், அப்பா மடியில் வேண்டாம், அந்தத் தட்டில் சாப்பாடு வேண்டாம். அப்பாவைக் கவனிப்பவர் ஒருவராக மட்டும் இருங்கள். கையுறையும் முகக்கவசமும் போட்டுக்கொண்டு, வெளியே வந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். அவருடைய போர்வையையும் துணியையும் உதறாமல் சுருட்டி எடுத்து, சுடுதண்ணீரில் சோப்புத்தூள் போட்டு ஊறவைத்துத் துவைத்து வெயிலில் காயப்போடுங்கள். நோய் உறுதியானால், பையன் கடைசியாக அப்பாவைத் தொட்ட நாளிலிருந்து 21 நாள் காலையும் மாலையும் அவனுக்குக் காய்ச்சல் பாருங்கள். குளிப்பாட்டும்போது வாய்க்குள், உள்ளங்கை, உள்ளங்கால், அக்குள், தொடை இடுக்கு எல்லாம் ஒரு பார்வை பாருங்கள். அந்த நாட்களில் அங்கன்வாடிக்கு அனுப்ப வேண்டாம். உங்களுக்கும் அதே 21 நாள் கணக்கு. அதுவரை கணவன் மனைவி நெருக்கம் கூடாது, முத்தமும் சேர்த்துத்தான். நீங்கள் கர்ப்பமாக இருந்தால், அல்லது நாள் தள்ளிப்போயிருந்தால், மருத்துவரிடம் உடனே சொல்லுங்கள். கருவில் இருக்கும் குழந்தையை இது பாதிக்கும். சார்ஜா அறையில் இருக்கும் நண்பர்களுக்கும் சேதி சொல்லச் சொல்லுங்கள், அவர்களுக்கும் தொண்டையையும் தோலையும் கவனிக்க வேண்டிய தேவை இருக்கிறது.

டிக்கெட் விஷயம். சோதனையில் குரங்கம்மை இல்லை என்று வந்தால், வேறு என்ன நோயோ அது குணமானதும் போகலாம். இருக்கிறது என்று வந்தால், நாள் கணக்கை விட்டுவிட்டுப் பொருக்கைத்தான் பார்க்க வேண்டும். கடைசிப் பொருக்கு விழுந்து, வாய்ப்புண்ணும் ஆறிய பிறகே விமானம் ஏறலாம். அதன் பிறகும் 12 வாரம் ஆணுறை அணிவது நல்லது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. மூன்று வாரத்தில் ஆறினாலும் ஆறலாம், ஒரு வாரம் தள்ளினாலும் தள்ளலாம். அதனால் தேதி மாற்ற எவ்வளவு கட்டணம் என்று டிக்கெட் எடுத்த இடத்தில் இப்போதே விசாரித்து வையுங்கள். கம்பெனிக்கு மருத்துவமனை லெட்டர்ஹெட்டில் மருத்துவச் சான்றிதழ் வாங்கி அனுப்பலாம். "தொற்று நோய்க்காகச் சிகிச்சையில் இருக்கிறார், ஓய்வு தேவை" என்று எழுதினால் போதும், நோயின் பெயரைக் குறிப்பிட வேண்டுமா என்பதை உங்கள் கணவரே மருத்துவரோடு பேசி முடிவு செய்யட்டும்.